மாவு குப்பமும் தராசு குப்பமும்

எழுபதுகளின் நடுவில் எனக்கு இரண்டு பெயர்கள் இருந்தன. இரண்டும் என் பெற்றோர் வைத்தவை அல்ல. சதுரங்கப்பட்டினத்துக்குத் தெற்கே, கடலை ஒட்டி அடுத்தடுத்து இருந்த இரண்டு மீனவக் குப்பங்கள் வைத்தவை. வடக்குக் குப்பத்தில் நான் மாவக்கா. தெற்குக் குப்பத்தில் தராசக்கா. வடக்கே நான் தலைகாட்டினால் பிள்ளைகள் ஓடி வரும். தெற்கே தலைகாட்டினால் அதே வயசுப் பிள்ளைகள் ஓடிப் போகும். இரண்டுக்கும் நடுவில், ஒரு வெற்றிலை மென்று முடிக்கிற தூரம்தான்.

சென்னையில் ஓர் ஆராய்ச்சி நிலையம் சத்து மாவு ஒன்று தயாரித்திருந்தது. கேழ்வரகு, பொட்டுக்கடலை, வெல்லம், வேர்க்கடலைப் பிண்ணாக்கு. பிண்ணாக்கு என்ற வார்த்தை மட்டும் வெளியே வரக் கூடாது என்பது எனக்குக் கிடைத்த முதல் உத்தரவு. இந்த மாவைத் தின்றால் குழந்தைகள் தேறுகிறார்களா என்று கண்டுபிடிக்க வேண்டும். அதற்கு எங்கள் டாக்டர் ஒரு வழி வைத்திருந்தார். ஊசி போடுகிற டாக்டர் இல்லை, ஆராய்ச்சி எழுதிப் பட்டம் வாங்கிய டாக்டர். வடக்குக் குப்பத்தில் குழந்தை இருக்கிற வீட்டுக்கெல்லாம் வாராவாரம் ஒரு டப்பா மாவு. தெற்குக் குப்பத்துக்கு ஒன்றுமில்லை. இரண்டு இடத்திலும் மாதாமாதம் குழந்தைகளை நிறுக்க வேண்டும். வருஷக் கடைசியில் வித்தியாசம் தெரிந்தால் மாவுக்கு வெற்றி. பிறகு மாவட்டம் முழுக்க மாவு வரும். டாக்டர் டெல்லிக்குப் போய் அதைப் பற்றிப் பேசுவார்.

இந்த இரண்டு குப்பங்களையும் தேர்ந்தெடுக்க அவர் கடற்கரை முழுக்க ஜீப்பில் அலைந்தாராம். ஒப்பிட்டுப் பார்க்கிற இரண்டு ஊரும் எல்லா வகையிலும் ஒன்றாக இருக்க வேண்டும் என்பது விதி. இவை ஒன்றாகவே இருந்தன. ஒரே கடல், ஒரே வலை, ஒரே கஞ்சி. “குழந்தைங்க மூக்குகூட ஒரே மாதிரி இருக்கும்மா!” என்று வியந்தார். மூக்கு ஏன் ஒரே மாதிரி இருக்கிறது என்று யோசிக்க எங்கள் இரண்டு பேருக்குமே தோன்றவில்லை. படித்தவர்கள் அல்லவா?

செங்கல்பட்டு பஜாரில் அத்தாவுக்கு, அதாவது என் அப்பாவுக்கு, ஒரு கடை. கயிறு, ஆணி, நைலான் நூல், வலையில் கோக்கிற ஈயக் குண்டு எல்லாம் கிடைக்கும். எங்கள் தெருவில் கல்லூரிக்குப் போன முதல் பெண் நான்தான் என்பதில் அவருக்குப் பெருமை. வேலைக்கும் போகிறேன் என்றதும் பெருமை கொஞ்சம் சுருங்கியது. உறவுக்காரர்கள் எல்லோரும் ஆம்பூர் மாமன் மகனுக்கு என்னை முடித்துவிடச் சொல்லிக்கொண்டிருந்தார்கள். அவருக்கு அங்கே தோல் மண்டி. நல்ல மனுஷன்தான். ஆனால் எங்கள் வீட்டுக்கு வந்தால் வாசலில் ஆரம்பித்துப் போகிற வரைக்கும் தும்மிக்கொண்டே இருப்பார். ஒரு வாக்கியத்தை அவர் முழுதாகப் பேசி நான் கேட்டதில்லை.

“ஒரு வருஷம் போய் வா,” என்றார் அத்தா. “வேலைய நிரந்தரம் பண்ணிட்டாங்கன்னா உன் இஷ்டம். இல்லன்னா ஆம்பூரு.” அம்மா அன்றைக்கே தோழிகளிடம் ஆம்பூர் பிரியாணியைப் பற்றிப் பேச ஆரம்பித்துவிட்டாள்.

ஆராய்ச்சி நல்லபடி முடிந்தால் வேலை நிரந்தரம் என்று டாக்டர் வாக்குக் கொடுத்திருந்தார். ஆக, தராசில் தொங்கியது குழந்தைகள் மட்டுமல்ல, நானும்தான்.

தினமும் திருக்கழுக்குன்றம் வழியாகப் பஸ். நிறுக்கிற நாளில் மட்டும் டாக்டர் ஜீப்பில் வந்து, டச்சுக் கோட்டைச் சுவர் நிழலில் என்னை ஏற்றிக்கொள்வார். ஆரம்பத்தில் ஜீப் சத்தம் கேட்டதும் குப்பத்து ஆண்கள் எல்லோரும் சவுக்குத் தோப்புக்குள் ஓடிவிடுவார்கள். அந்தக் காலத்தில் ஜீப் என்றால் குடும்பக் கட்டுப்பாடு. பிடித்துக்கொண்டு போய் அறுத்துவிடுவார்கள் என்று பயம். நாங்கள் எடை போடத்தான் வந்திருக்கிறோம் என்று நான் தோப்பைப் பார்த்துக் கத்துவேன். “மொதல்ல எட போடுவீங்கோ, அப்பறம்?” என்று உள்ளேயிருந்து ஒரு குரல் கேட்கும்.

தராசு, கொக்கியில் மாட்டுகிற ஸ்பிரிங் தராசு. கீழே ஜட்டி மாதிரி தைத்த துணித் தொட்டில். வேப்பமரக் கிளையில் அதை மாட்டி, குழந்தையை உள்ளே இறக்கினால் காலை உதைத்துக்கொண்டு ஊரையே கூட்டும். உடம்பில் ஒன்றும் இல்லாமல் நிறுக்க வேண்டும் என்பது டாக்டரின் கட்டளை. சட்டையைக் கழற்றினார்கள். கொலுசைக் கழற்றினார்கள். அரைஞாணையும் கழற்றச் சொன்னார் பாருங்கள், அங்கே வந்தது வினை.

“இன்னாது? அர்ணாக்கயித்த அறுக்கறதா?” என்று கூடையைக் கீழே போட்டுவிட்டு வந்தாள் ஒருத்தி. வடக்குக் குப்பத்துக்காரி, மீன்கூடை சுமக்கிறவள். “பொணத்துக்குத்தான்யா அத்த அறுப்பாங்கோ! எங்க புள்ளைங்க உசுரோட இருக்கறது உன் கண்ணுக்குத் தெர்ல?”

டாக்டர் ஜீப்புக்குள் போய் உட்கார்ந்துகொண்டார். எல்லாப் பிள்ளைகளுக்கும் கயிறு இருப்பதால் வித்தியாசம் வராது என்று, ஜீப்புக்குள் இருந்தபடியே முடிவும் செய்தார். அன்று முதல் அந்தக் கூடைக்காரியை எனக்குப் பிடித்துப்போனது. அக்கா என்று கூப்பிட ஆரம்பித்தேன்.

வடக்கே என் பாடு சுகம். தெற்கேதான் தர்மசங்கடம். மாதாமாதம் போய், கையை வீசிக்கொண்டு நின்று, பிள்ளைகளைத் தொங்கவிட்டு, இறக்கிவிட்டு, வெறுங்கையோடு திரும்ப வேண்டும். அங்கே ஒரு சின்னப் பெண் இருந்தாள். கூடைக்கார அக்காவின் அண்ணன் மகள். குச்சி மாதிரி கை கால். ஆனால் ஓட ஆரம்பித்தால் பிடிக்க முடியாது. அவளைத் தராசில் ஏற்றுவதற்குள் எனக்கே எடை குறைந்துவிடும்.

“கசாப்புக் கடையிலயாவது நிறுத்துட்டு கறி குடுப்பாங்கோ,” என்றாள் அவளுடைய அம்மா ஒரு நாள். “நீ நிறுத்துகினே கீற, ஒண்ணும் குடுக்க மாட்டேன்ற.”

“இது ஆராய்ச்சி அண்ணி,” என்றேன்.

“ஆராய்ச்சின்னா?”

டாக்டர் சொல்லிக்கொடுத்ததை யோசித்துப் பார்த்தேன். மாவு கொடுக்காவிட்டால் குழந்தைகள் என்ன ஆவார்கள் என்று பார்ப்பது. அதைத்தான் தமிழில் சொல்ல வேண்டும். சொன்னேன்.

“இத்துக்கு மெட்ராஸ்லேர்ந்து வரணுமா? கேட்டா நானே சொல்லுவனே,” என்றாள். சுற்றி நின்ற பெண்கள் சிரித்தார்கள். நானும் சிரித்தேன். பஸ்ஸில் திரும்பும்போது எனக்கு அழுகையாக வந்தது.

பிறகு ஓர் அதிசயம் நடந்தது. தெற்குக் குப்பத்துப் பிள்ளைகள் தேற ஆரம்பித்தன. வடக்கே தேறினால் அது மாவு. தெற்கே எதனால்? டாக்டர் முதலில் தராசைச் சந்தேகப்பட்டார். பிறகு கடற்காற்றைச் சந்தேகப்பட்டார். கடைசியில் என்னைச் சந்தேகப்பட்டார்.

எனக்குக் கோபம் பற்றிக்கொண்டு வந்தது. மறுநாள் காலையில் கூடைக்கார அக்கா கரையோரமாகத் தெற்கே போனபோது, காரணத்தைக் கண்டுபிடித்தே தீருவது என்று பின்னாலேயே போனேன். அண்ணன் வீட்டில் கூடையை இறக்கினாள். மேலே காரப்பொடி என்கிற பொடி மீன். கீழே பனையோலை. ஓலைக்குக் கீழே எங்கள் மாவு.

“இன்னாக்கா இது?” என்றேன்.

அவள் கொஞ்சமும் பதறவில்லை. “பொறந்த வூட்டுக்கு வெறுங்கையா வருவாங்களா? உங்க ஜனத்துல அப்டிதான் வருவாங்களா?” என்று என்னையே திருப்பிக் கேட்டாள்.

விசாரித்தால், வடக்கே வாழ்க்கைப்பட்ட பெண்களில் பாதிப் பேர் தெற்கே பிறந்தவர்கள். தெற்கே வாழ்க்கைப்பட்டவர்களில் பாதிப் பேர் வடக்கே பிறந்தவர்கள். தலைமுறை தலைமுறையாகப் பெண் கொடுத்துப் பெண் எடுத்த ஊர்கள். மூக்கு ஒரே மாதிரி இருந்ததன் ரகசியம் அதுதான். நாங்கள் வடக்கே டப்பாவைக் கொடுத்த அன்று சாயங்காலமே அதில் பாதி தெற்கே போய்ச் சேர்ந்துவிடும். எல்லா வகையிலும் ஒன்றாக இருக்கிற இரண்டு ஊரைத் தேடித் தேடி, டாக்டர் சம்பந்தி வீட்டையே பிடித்துக் கொண்டுவந்திருந்தார்!

இதை அவரிடம் சொன்னபோது கடலைப் பார்த்துத் திரும்பி நின்றுகொண்டார். பிறகு, “நிறுத்து,” என்றார். “டப்பா வீட்டுக்குப் போகக் கூடாது. உன் கண் எதிர்ல கரைச்சு, உன் கண் எதிர்ல ஊட்டணும்.”

செய்து பார்த்தேன். கஞ்சியாகக் கரைத்தால் தூக்குச் சட்டியில் போனது. கெட்டியாகக் கிளறினால் உருண்டையாக மடியில் போனது. பிள்ளைகளுக்கு வாயில் ஊட்டினேன். கன்னத்தில் ஒதுக்கிக்கொண்டு, நான் திரும்பியதும் அத்தை மகனைத் தேடி ஓடின. தெற்கே ஒரு வளைகாப்புக்குப் போயிருந்தேன். தட்டில் அழகாக அடுக்கி வைத்திருந்த பலகாரம் எங்கள் மாவில் செய்தது. நெய் மட்டும் அவர்களுடையது. நன்றாகவே இருந்தது, ரெண்டு கேட்டு வாங்கிச் சாப்பிட்டேன்.

உண்மையைச் சொன்னால், அவர்களைத் தடுக்க எனக்கு மனசே இல்லை. அந்தக் குச்சிப் பெண்ணின் கன்னத்தில் கொஞ்சம் சதை வைத்திருந்தது. அதைத் திரும்பக் கரையவைப்பதற்கா நான் படித்தேன்? ஆனால் டாக்டரும் விடவில்லை. “வித்தியாசம் வரலன்னா மாவு உபயோகமில்லன்னு மூடிடுவாங்க. உன் வேலையும் அதோட போச்சு. கடைசி நிறுவைக்குள்ள நீயே பார்த்து சரி பண்ணு,” என்றார். சரி பண்ணு என்றால் என்ன என்று நான் கேட்கவில்லை, அவரும் சொல்லவில்லை.

அன்றைக்கு எரிச்சல் தாங்காமல் கூடைக்கார அக்காவிடம் எல்லாவற்றையும் கொட்டிவிட்டேன். இங்கே எடை கூடி, அங்கே குறைந்தால்தான் என் வேலை நிலைக்கும் என்று. இல்லாவிட்டால் ஆம்பூர் என்று. தும்மலைக்கூட நடித்துக் காட்டினேன்.

அவள் கண்ணில் தண்ணீர் வரச் சிரித்தாள். பிறகு என் கன்னத்தைத் தடவி, “பேஜாராவாத கண்ணு. உன் வேல எங்கியும் போவாது,” என்றாள். ஆறுதலுக்குச் சொல்கிறாள் என்று நினைத்துக்கொண்டேன்.

கடைசி நிறுவை நாள் வந்தது. டாக்டர் இஸ்திரி போட்ட சட்டையோடு இறங்கினார். வடக்குக் குப்பத்தில் அன்று பிள்ளைகள் ஓடி வரவில்லை. நடந்தும் வரவில்லை. இடுப்பைப் பிடித்துக்கொண்டு, அலை மேல் நடக்கிற மாதிரி ஆடி ஆடி வந்தன. முதல் குழந்தையைத் தொட்டிலில் இறக்கினேன். முள் சர்ரென்று போனது. டாக்டர் கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டார். அடுத்ததும் அப்படியே. அதற்கடுத்ததும்.

“பார்த்தியா! மாவு!” என்று என் தோளில் தட்ட வந்து, பெண்பிள்ளை என்று நினைவு வந்து, வேப்பமரத்தைத் தட்டினார்.

நான்காவது குழந்தை திமிறியபோது அதன் இடுப்பில் தொங்கியது தராசுக் கொக்கியில் பட்டு ‘டங்’கென்றது.

“என்ன சத்தம்?” என்றார் டாக்டர்.

“தாயத்து சார்,” என்றாள் கூடைக்கார அக்கா. “ஊருக்கே மந்திரிச்சுக் கட்டிகினோம்.”

டாக்டர் பெரிய மனசோடு தலையாட்டினார். ஜனங்களின் நம்பிக்கையை நாம் மதிக்க வேண்டும் என்று எனக்கு அறிவுரையும் சொன்னார். நான் அந்தத் தாயத்துத் துணியை இரண்டு விரலால் அழுத்திப் பார்த்தேன். உருண்டையாக, நடுவில் துளையோடு, ஓரத்தில் வார்ப்புப் பிசிறோடு ஒன்று கைக்கு வந்தது. சின்ன வயசில் கோலிக்குப் பதிலாக அதை வைத்து விளையாடியவள் நான். வலையில் கோக்கிற ஈயக் குண்டு. எங்கள் அத்தா கடைச் சரக்கு!

அடக்க முடியாமல் சிரிப்பு வந்தது. முந்தானையை வாயில் அடைத்துக்கொண்டு மீதிப் பிள்ளைகளையும் நிறுத்தேன். தெற்கே முடித்துவிட்டு டாக்டரிடம் விஷயத்தைச் சொல்லலாம், அதற்குள் மனுஷன் கொஞ்ச நேரம் சந்தோஷமாக இருக்கட்டும் என்றிருந்தேன். அக்காவைப் பார்த்துக் கையை ஓங்கிக் காட்டினேன். அவள் கண்ணடித்தாள்.

தெற்கே போனோம். அங்கேயும் யாரும் ஓடவில்லை. பிள்ளைகள் அம்மாக்களின் தோளில் சாய்ந்து பேசாமல் கிடந்தன. அழுகை இல்லை, உதை இல்லை. வருஷம் முழுக்க என்னிடம் சிக்காத குச்சிப் பெண் தானாக வந்து கையைத் தூக்கிக்கொண்டு நின்றாள். தூக்கித் தொட்டிலில் வைத்தபோதுதான் பார்த்தேன். இடுப்பு வெறுமையாக இருந்தது. கயிறு இருந்த இடத்தில், வெயில் படாத வெளுத்த கோடு மட்டும் சுற்றி ஓடியது. நிமிர்ந்து பார்த்தேன். அங்கே இருந்த ஒரு குழந்தைக்கும் அரைஞாண் இல்லை.

சிரிப்பு அப்படியே நின்றுபோனது.

பெண்கள் எல்லோரும் என் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தார்கள். சீர்வரிசைத் தட்டைக் கொண்டுவந்து வைத்துவிட்டு, பிடித்திருக்கிறதா என்று பார்ப்பார்களே, அந்தப் பார்வை. கூடைக்கார அக்கா என் காதருகே வந்தாள். “இப்ப சரியா வருதா பாரு. நேத்துலேர்ந்து புள்ளைங்களுக்கு ஒண்ணும் ஊத்தல. எங்கண்ணிதான் மொதல்ல கயித்த அறுத்தா. ஒன்னிய ஆம்பூருக்கு வுட்ருவமா?”

டாக்டர் பின்னால் நின்று முள்ளைப் படித்தார். அவ்வளவு சந்தோஷமான குரலில் அவர் பேசி நான் கேட்டதேயில்லை.

“சார், இது பொய் எடை,” என்றேன். ஈயத்தையும் பட்டினியையும் சொன்னேன். அறுத்த கயிற்றையும் சொன்னேன்.

அவர் கெட்ட மனிதர் இல்லை. முகம் வாடித்தான் போனது. பிறகு மெதுவாகப் பேசினார். “மாவு வேலை செய்யுதுன்னு உனக்கும் தெரியும், எனக்கும் தெரியும். இந்தப் பிள்ளைங்களே சாட்சி. ஆனா நிரூபிக்க வித்தியாசம் வேணும். அது இதோ இருக்கு. மாவட்டம் முழுக்கப் பிள்ளைங்க சாப்பிடும். அதுக்குக் கொஞ்சம் ஈயம் இருந்துட்டுப் போகட்டுமே.”

“அப்போ மாவட்டம் முழுக்க ஈயத்தையே கொடுத்துடலாமே சார். எங்க அத்தா கடையில மொத்தமா கிடைக்கும்.”

“விளையாடாதே.”

“ரெண்டு குப்பமும் தின்னுச்சு, ரெண்டும் தேறிச்சுன்னு நடந்ததை எழுதுவோம். மாவே போகாத இன்னொரு குப்பத்தைப் பார்த்து ஒப்பிடுவோம்.”

“சரி, பார்க்கலாம். அந்தக் குப்பத்துப் பிள்ளைங்களை மட்டும் வருஷம் பூரா சும்மா நிறுப்பியா?”

அந்தக் கேள்வியை இத்தனை வருஷமாக யோசித்துக்கொண்டிருக்கிறேன். ஆனால் நாங்கள் வாதாடிக்கொண்டிருந்த நேரமெல்லாம் அந்தப் பெண் தராசில் தொங்கிக்கொண்டிருந்தாள் என்பது அப்போதுதான் எனக்கு உறைத்தது. விரலைச் சூப்பிக்கொண்டு, ஆடாமல் அசையாமல், எடை கூடிவிடுமோ என்று மூச்சைக்கூடப் பிடித்துக்கொண்டு தொங்கினாள். அவளை இறக்கினேன். நேராக ஜீப்புக்குப் போய், அந்த வாரம் கொடுக்க வைத்திருந்த மாவு மூட்டையைத் தரதரவென்று இழுத்து மணலில் தள்ளினேன்.

“அது வடக்குக் குப்பத்து மாவு!” என்று கத்தினார் டாக்டர்.

“ரெண்டும் ஒரே வீடு சார்.”

“நான் இந்த எடையைத்தான் எழுதப் போறேன்.”

“எழுதுங்க. அதுல என் கையெழுத்து இருக்காது. யாராவது கேட்டா ஈயத்தைப் பத்திச் சொல்லுவேன்.”

“அப்போ நாளையிலிருந்து நீ வர வேண்டாம்.”

அவ்வளவுதான். அந்த ஒரு வாக்கியத்தின் பலனை இன்றைக்கும் அனுபவிக்கிறேன். இதை எழுதும்போதுகூடப் பக்கத்து அறையில் தும்முகிறார். கேட்டுக் கேட்டு, இப்போது தும்மல் நின்றால்தான் எனக்குக் கவலையாக இருக்கிறது.

தெற்குக் குப்பத்துப் பெண்கள் அங்கேயே அடுப்பு மூட்டினார்கள். பெரிய பாத்திரத்தில் மாவைக் கரைத்துக் காய்ச்சினோம். வெல்ல வாசனை வந்ததும் தோள்களில் சாய்ந்திருந்த தலைகள் ஒவ்வொன்றாக நிமிர்ந்தன. முதல் கரண்டியைக் கிண்ணத்தில் ஊற்றி, ஊதி ஆற்றி, குச்சிப் பெண்ணின் வாயருகே கொண்டுபோனேன். அவள் கிண்ணத்தைப் பார்த்து எச்சிலை விழுங்கினாள். பிறகு வாயை இறுக மூடிக்கொண்டு தலையை ஆட்டினாள்.

“ஏண்டி? பசிக்கலியா?”

“பசிக்குது.”

“அப்போ துன்னு.”

“வாணாம். துன்னா தராசக்காக்கு வேல போயிரும்னு அம்மா சொல்ச்சு.”

மணலிலேயே உட்கார்ந்துவிட்டேன்.

“போயிடுச்சுடி கண்ணு,” என்றேன். “வேல போயிடுச்சு. இப்ப துன்னு.”

அவள் நம்பாமல், ஜீப் பக்கத்தில் நின்ற டாக்டரை ஒரு தரம் பார்த்தாள். பிறகு வாயைத் திறந்தாள்.